பாகங்களைக் குறி

இன்று காலை பென்சில் வாங்க மேற்குத் தாம்பரம் போனேன். பள்ளி திறக்கும் நேரம். கடை வாசலிலேயே ரெக்கார்ட் நோட்டுகளை அடுக்கி வைத்திருந்தார்கள். ஒன்றை எடுத்துப் பிரித்தேன். இடப்பக்கம் வெள்ளை, வலப்பக்கம் கோடு போட்டது. பசையும் புதுத்தாளும் கலந்த அந்த வாசனை மூக்கில் ஏறியதும் வந்த வேலை மறந்துபோய் நின்றேன். கடைக்காரர், "பாப்பா எந்தக் கிளாஸ் அக்கா?" என்றார். "எனக்குத்தான்" என்றேன். அவர் சிரித்தார். நீ இருந்திருந்தால் நீயும் சிரித்திருப்பாய்.

நீ போய் ஏழு மாதமாகிறது. புத்தகம் திங்கட்கிழமை அச்சுக்குப் போகிறது. நம் பள்ளிக்கூட நாட்களை நானே எழுதி வரைந்த படக்கதை. என்ன கதை என்று யாராவது கேட்டால், ஒரு பெண்ணுக்கு இன்னொரு பெண்ணைப் பிடித்துப்போன கதை என்று இப்போதெல்லாம் தயங்காமல் சொல்லிவிடுகிறேன். எல்லாப் பக்கமும் முடிந்துவிட்டது. ஒரே ஓர் இடம் பாக்கி: உன் பெயர். போடச் சொன்னவள் நீ. வேண்டாம் என்கிறவர் உன் அம்மா. நடுவில் நான் அலுத்துப்போய் உட்கார்ந்திருக்கிறேன்.

உன் அம்மாதான் நமக்கு உயிரியல் எடுத்தார். பள்ளி வாசலைத் தாண்டிவிட்டால் நீயும் அவரை ‘மிஸ்’ என்றுதான் கூப்பிட வேண்டும். ஒருமுறை வாய் தவறி ‘அம்மா’ என்றுவிட்டாய். வகுப்பே சிரித்தது. அவர் காதில் விழாதவர் போலத் தவளையை வரைந்துகொண்டிருந்தார். பாகம் குறிப்பதில் அவருடைய கெடுபிடி உனக்குத் தெரியாததா? கோட்டை ஸ்கேல் வைத்துத்தான் இழுக்க வேண்டும். அம்புக்குறி கூடாது. ஒரு கோடு இன்னொரு கோட்டை வெட்டவே கூடாது.

உயிரியல் ரெக்கார்ட் நோட்டின் வெள்ளைப் பக்கங்களில்தான் நம் காமிக்ஸ் ஓடியது. நான் வரைவேன். பேச்சுக்கான குமிழிகளில் நீ எழுதுவாய். என் நோட்டை என் அண்ணன் புரட்டுவான் என்பதால் எல்லாம் உன் நோட்டில். திருத்தக் கொடுக்கும் நாளில் அந்தப் பக்கங்களை ஒன்றோடொன்று ஒட்டிவிடுவோம். கோந்துக்கு எங்கே போவது? டிபன் பாக்ஸில் இருக்கும் சோற்றுப் பருக்கைதான். ஒரு தடவை ஒட்டியது நான். என் டப்பாவில் இருந்தது தயிர்சாதம் என்பதை யோசிக்கவேயில்லை.

காய்ந்ததும் பிரிந்துவிட்டது. நோட்டு திரும்பி வந்தபோது, தாம்பரம் ஸ்டேஷன் மேம்பாலத்தில் ஒரே குடைக்குள் கைகோத்து நிற்கும் நம் இருவர் படத்துக்குக் கீழே சிவப்பு மையில் எழுதியிருந்தது: ‘பாகங்களைக் குறி.’ அதற்கும் கீழே கையெழுத்து. சைக்கிள் ஸ்டாண்டுக்குப் பின்னால் நின்று அதைப் படித்தபோது உன் முகத்தில் ரத்தமே இல்லை. இரண்டு நாள் நீ சரியாகச் சாப்பிடவில்லை. வீட்டில் மிஸ் ஒன்றும் கேட்கவில்லை. எப்போதும் போலத் தலை பின்னிவிட்டார், எப்போதும் போல மார்க் கேட்டார். மூன்றாம் நாள் நீயே முடிவு கட்டினாய்.

"அவங்க பார்க்கலடீ. எல்லார் நோட்லயும் அதையேதான் எழுதியிருக்காங்க. பார்த்திருந்தா என்னை வீட்ல வெச்சிருப்பாங்களா?"

பிறகுதான் உனக்குச் சிரிப்பு வந்தது. "தயிர்சாதத்தை நம்பி லவ் பண்ணவ இந்த ஊர்லயே நீ ஒருத்திதான்." மிஸ் சொன்னால் செய்ய வேண்டுமல்லவா? ஸ்கேல் வைத்துக் கோடு இழுத்து, குடை, மழை, பயம் என்று குறித்தோம். உன் பெயரை நீ எழுதினாய், என் பெயரை நான். அந்த இரண்டு கோடும் நடுவில் வெட்டிக்கொண்டன. அழிக்கப் போனேன், நீ விடவில்லை.

பாடப் புத்தகங்களுக்குப் படம் வரைந்து இன்று பிழைக்கிறேன். நாள் முழுக்க இதயமும் சிறுநீரகமும். என் படக்கதையிலும் ஒவ்வொரு கட்டத்திலும் கோடு இழுத்துப் பெயர் குறிக்கிறேன். புது உத்தி என்று பதிப்பாளர் பாராட்டினார். சிவப்பு மையின் கதையை அவரிடம் சொல்லவில்லை.

மேடவாக்கத்து மாப்பிள்ளைக்கு நீ சரி சொன்ன அன்று ஏன் என்று கேட்டேன். "அம்மாவுக்குத் தெரிஞ்சா தாங்க மாட்டாங்கடீ" என்றாய். அதன் பிறகு பல வருஷம் உன்னோடு பேசவில்லை. எனக்குக் கோபம். இன்றும் அது முழுசாகப் போய்விடவில்லை என்பதை உன்னிடம் மறைப்பானேன்?

இரண்டு வருஷத்துக்கு முன்னால் நீயாகத்தான் போன் செய்து வந்தாய். குரோம்பேட்டை ஜூஸ் கடையில் உட்கார்ந்து பக்கங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாய். "மூக்கு இவ்ளோ பெருசாடீ எனக்கு?" என்று சண்டை போட்டாய். பெயரை மாற்றிவிடட்டுமா என்றதும் சிரிப்பு நின்றுவிட்டது.

"மாத்தாத. வேற பேரு போட்டா அது வேற எவளோ. ஒரு இடத்துலயாவது நான் நானா இருந்துட்டுப் போறேன்."

"மிஸ்?"

"அவங்க எங்க காமிக்ஸ் படிக்கப் போறாங்க? அன்னிக்கே பார்க்கலையே."

அப்புறம் போன மழைக்காலம், காய்ச்சல், ஐந்தே நாள். சர்ச்சில் பள்ளித் தோழிகளில் ஒருத்தியாக நானும் நின்றேன். அழுவதற்குக்கூட ஓர் அளவு வைத்துக்கொள்ள வேண்டியிருந்தது.

போன ஞாயிறு மிஸ் என்னைச் சேலையூருக்கு வரச் சொன்னார். புத்தகச் செய்தி காதுக்கு எட்டியிருக்கிறது. நன்றாக ஒடுங்கிப்போயிருக்கிறார். என் கையில் உன் ரெக்கார்ட் நோட்டைக் கொடுத்தார். "அவ பீரோல துணிக்கு அடியில இருந்துச்சு" என்றார். நான் அந்தப் பக்கத்தைத் திறந்தேன்.

"மிஸ், இதை அப்போ நீங்க பார்த்தீங்களா?"

கண்ணாடியைக் கழற்றிப் புடவையில் துடைத்தார். "பார்க்காம யாராவது சைன் பண்ணுவாங்களாம்மா?"

நோட்டை மூடி மடியில் வைத்துக்கொண்டேன். அவரே தொடர்ந்தார்.

"பேனாவைக் கையில வெச்சுக்கிட்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன். என்ன எழுதறதுன்னு தெரியல. எனக்கு எழுத வந்தது அந்த ரெண்டு வார்த்தைதான். அவளா வந்து சொல்லுவா, அப்போ பேசிக்கலாம்னு இருந்தேன். அவ கல்யாணத்துக்குச் சரின்னுட்டா. சரி, அது அதோட போயிடுச்சுன்னு நினைச்சுக்கிட்டேன்."

அவரிடம் கத்த வேண்டும் போலிருந்தது. நீ சொல்வாய் என்று அவர் காத்திருக்க, அவருக்குத் தெரியக் கூடாதே என்று நீ பயந்திருக்க, இரண்டு பேரும் ஒரே மேசையில் அத்தனை வருஷம் சாப்பிட்டிருக்கிறீர்கள். ஆனால் நான் மட்டும் என்ன கிழித்தேன்? உன் கல்யாணத்துக்கு முன்னால் ஒரு நாளாவது அந்த வீட்டு அழைப்பு மணியை அடித்தேனா? கத்தத் தெம்பில்லாமல் அவர் கொடுத்த காபியைக் குடித்தேன்.

"கதையைப் போடும்மா. பேரு மட்டும் வேண்டாம். பேத்தி ஸ்கூலுக்குப் போகணும். புள்ளைங்க சும்மா இருக்காதுங்க. அவ பெரியவளாகிக் கேட்டா நானே சொல்றேன்" என்றார். சொல்வாரா தெரியாது. ஆனால் அங்கே விளையாடிக்கொண்டிருந்த உன் மகளுக்கு அப்படியே உன் மூக்கு. நான் முடியாது என்று சொல்லவில்லை.

இதுவரை எழுதிவிட்டு எழுந்துபோய், இன்று மதியம் கடைசிப் பக்கத்தில் பாக்கியிருந்த அந்த இடத்தை முடித்தேன். அதே மேம்பாலம், அதே குடை. என் கோட்டின் முனையில் என் பெயர் இருக்கிறது. அதை வெட்டிக்கொண்டு போகும் உன் கோட்டின் முனையில் ஒன்றும் இல்லை. நீ கேட்டபடி பெயரை மாற்றவில்லை. அவர் கேட்டபடி எழுதவுமில்லை. உன் பெயரின் அகலத்துக்கு வெற்றிடம் விட்டிருக்கிறேன். இரண்டு பேருக்கும் பாதிப் பாதி உண்மையாக இருந்திருக்கிறேன், இதற்கு மேல் எனக்கு முடியவில்லை. முதல் பிரதி வந்ததும் என்னுடையதில் மட்டும் பென்சிலால் எழுதிக்கொள்வேன்.

உன் நோட்டு என் பையில்தான் இருக்கிறது. அதைவிடக் கனமாக இன்னொன்றையும் சுமந்து திரிகிறேன். உன்னிடம் மட்டுமே சொல்லக்கூடிய ஒரு செய்தி. கேட்க நீ இல்லை, ஆனாலும் சொல்கிறேன்.

அவங்க பார்த்தாங்கடீ. பார்த்துட்டும் உன்னை வீட்ல வெச்சிருந்தாங்க.