அவுரிப் பொடியில் ஒரு கரண்டி

திருநகர்,
வியாழக்கிழமை.

ஷார்ஜாவில் இருக்கும் மாமாவுக்கு, முனீஸ்வரி எழுதுவது. இங்கே எல்லோரும் நலம் என்று எழுதக் கை வரவில்லை. நீங்கள் அங்கே நலமாக இருக்க வேண்டும்.

உங்கள் தங்கச்சி முத்துமீனாவை ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறோம் என்று திங்கட்கிழமை போனில் சொன்னேன். தலையில் என்ன தடவினாள் என்று கேட்டீர்கள். நம்ம அவுரிப் பொடிதான் என்றேன். உடனே லைன் நின்றுவிட்டது. அதன்பின் நீங்கள் போனை எடுக்கவே இல்லை. அழகுபாண்டி அண்ணன் நாளை அங்கே கிளம்புகிறார். அவர் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன்.

பள்ளிக்கூடத்தில் ஆண்டு விழா, டீச்சர் நான் தலை நரைத்துப்போய் மேடையேறினால் பிள்ளைகள் சிரிக்கும் என்று மீனா சொன்னாள். சனிக்கிழமை மருதாணி வைத்தாள். ஞாயிறு காலையில் புதுப் பாக்கெட்டை உடைத்துக் குழைத்து, நான்தான் பூசிவிட்டேன். அலசியதும் முடி கன்னங்கரேலென்று இருந்தது. அவுரி முதலில் பச்சை பாரித்து நின்று, மறுநாள்தானே கறுக்கும் என்று ஒரு நொடி தோன்றியது. இந்தத் தடவை இலை நல்ல இலை என்று சந்தோஷப்பட்டுக்கொண்டேன், மாமா.

சாயங்காலம் நெற்றி அரிக்கிறது என்றாள். விடிந்து பார்த்தால் அது அவள் முகமே இல்லை. கண் இரண்டும் மூடி, உதடு தடித்து, காது மடலில் நீர் கோத்து வடிந்தது. “மதினி, மூச்சு முட்டுது” என்று என் சேலையைப் பிடித்தாள். யாரோ கண் வைத்துவிட்டார்கள் என்று அத்தை உப்பும் மிளகாயும் எடுக்க ஓடினார்கள். நான் ஆட்டோவை நிறுத்தினேன்.

முன்பு எப்போதாவது சாயம் ஒத்துக்கொள்ளாமல் போனதா என்று டாக்டரம்மா கேட்டார். ஐந்து வருடத்துக்கு முன் கடைச் சாயம் பூசித் தலையெல்லாம் புண்ணானதைச் சொன்னேன். அதனால்தான் அவள் அண்ணன் திருமங்கலம் பக்கம் நிலத்தில் அவுரி போட்டார் என்றும் சொன்னேன். “இது வெறும் இலையாத் தெரியலைம்மா. கடைச் சாயத்து மருந்து எதுவோ கலந்திருக்கும்போல. பாக்கெட்டைக் கொண்டு வாங்க” என்றார். “எங்க வீட்டுக்காரர் அரைச்சது டாக்டர். கலப்படம்னு சொன்னா வாய் வெந்துபோகும்” என்று அத்தனை பேர் முன்னால் அவரிடம் சண்டை போட்டேன்.

பாக்கெட் எடுக்க, பொடி அரைக்கும் கொட்டகைக்குப் போனேன். நம்மிடம் பொட்டலம் போடும் தங்கப்பொண்ணு என்னைப் பார்த்ததுமே அழுதுவிட்டாள். “அக்கா, அண்ணன் ஊருக்குப் போற முந்தின வாரம்தான் கிலோவுக்கு ஒரு கரண்டி சாய மருந்து போடச் சொன்னாரு. பூசின உடனே கறுக்கலைன்னு கடைக்காரக திருப்பி விடுறாகளாம். உங்களுக்குத் தெரிய வேணாம்னாரு” என்றாள். சாக்குக்கு அடியிலிருந்து ஒரு டப்பாவை எடுத்துக் கொடுத்தாள். ‘வெறுங்கையால் தொடாதே’ என்று மேலே எழுதியிருந்தது. உங்கள் கையெழுத்து.

அந்த டப்பாவை டாக்டரம்மாவிடம் கொடுத்துவிட்டேன். மன்னிப்பும் கேட்டேன். கொட்டகையைப் பூட்டியாகிவிட்டது. நேற்று ஆரப்பாளையத்திலும் கோரிப்பாளையத்திலும் கடை கடையாக ஏறிப் பாக்கெட்டுகளைத் திரும்ப வாங்கினேன். கோரிப்பாளையத்து பாய், “நல்லாத்தானேம்மா போகுது, எதுக்கு எடுக்குறீங்க?” என்றார். உண்மையைச் சொன்னேன். அவர் முகம் வெளுத்துவிட்டது. அவர் கடையில் மூன்று பாக்கெட் ஏற்கெனவே விற்றிருக்கிறது. வாங்கினது யார் என்று அவருக்குத் தெரியவில்லை. கடை வாசலில் அட்டை எழுதி மாட்டச் சொல்லிவிட்டு வந்தேன்.

அவுரி இரண்டாம் அறுப்புக்கு வந்துவிட்டது. ஆள் விடவில்லை. அத்தை சரியாகச் சாப்பிடுவதில்லை. அவர்களிடம் இன்னும் எதுவும் சொல்லவில்லை.

மீனா இன்று காலையில்தான் கண் திறந்தாள். தலையெல்லாம் கொப்புளம், முடியை ஒட்ட வெட்டிவிட்டார்கள். உயிருக்குப் பயமில்லையாம். தழும்பு நிற்குமா என்று இப்போது சொல்ல முடியாதாம். அவள் முதலில் பேசியது என்ன தெரியுமா? “மதினி, அண்ணன் பொடியில பழுது இருக்காது. நான்தான் எதையோ தின்னுட்டேன்னு டாக்டர்கிட்ட சொல்லுங்க. அண்ணன் பேரு கெட்டுறக் கூடாது.” நான் தலையை ஆட்டிவிட்டு வெளியே வந்து, படிக்கட்டில் நின்று சேலையை வாயில் திணித்துக்கொண்டு அழுதேன்.

நீங்கள் போகும்போது இரண்டு பெட்டி நிறையப் பாக்கெட் கொண்டுபோனீர்கள். அதில் ஒன்றைக்கூட யாருக்கும் கொடுக்காதீர்கள். கொடுத்திருந்தால் இந்த நிமிடமே போய்த் திரும்ப வாங்குங்கள். அங்கேயும் யாராவது ஒரு பெண் சனிக்கிழமை மருதாணி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள்.

உங்களைத் திட்ட எனக்குத் தெரியவில்லை. திட்டினால் மனம் ஆறும் என்றால் திட்டியிருப்பேன். ஏன் செய்தீர்கள் என்றும் கேட்கவில்லை. மீனாவுக்குப் போன் போடுங்கள். அவளிடம் நான் சொல்ல மாட்டேன். நீங்கள்தான் சொல்ல வேண்டும். அவள் அழுதாலும், ஏசினாலும், லைனைத் துண்டிக்காமல் கேளுங்கள். ஞாயிறு முழுக்க அவள் பக்கத்தில் போனை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

நேரத்துக்குச் சாப்பிடுங்கள். வெயிலில் அலையாதீர்கள். மீனாட்சி அம்மன் உங்களுக்கு வாய் திறக்கும் தைரியத்தைக் கொடுக்கட்டும்.

இப்படிக்கு,
உங்கள் முனீஸ்வரி