உஜியில் நீ அரைத்த தேயிலை

மூக்குக்கண்ணாடியைத் தேடித்தான் பழைய கறுப்புக் கைப்பைக்குள் கைவிட்டேன். கையில் வந்தது உள்ளங்கை அளவான ஒரு காகிதப் பொட்டலம். மடிப்பை விரித்ததும் ஈரப்புல்லும் கடற்பாசியும் சேர்ந்த அந்த மணம் எழும்பியது. ஒரு வருடத்துக்கு மேலாகக் கைப்பைக்குள் கிடந்ததில் தோல் வாடையும் அதில் ஏறியிருந்தது. கிங்ஸ்பரியில் என் குசினியில் பருப்பு வெந்துகொண்டிருக்க, பொட்டலத்தை மூக்கடியில் பிடித்தபடி நின்றேன். அன்று உன்னுடைய ஆட்டத்திவசம், நீ போய் ஒரு வருடம்.

நீ எனக்கு முதலில் வகுப்புத் தோழி, பிறகுதான் மச்சாள். உன் அண்ணையை என் தலையில் கட்டியதே நீதான். "வீட்டில ஒரு நல்ல சாமான் சும்மா கிடக்குது, கொண்டு போவன்" என்றாய். அந்த நல்ல சாமான் அன்று காலையிலிருந்து என் பின்னாலேயே திரிந்தார். "அவளுக்கு விருப்பமானது ஒண்டையும் விட்டுடாதையும்." கத்தரிக்காய்க் குழம்பு வைத்தேன், உளுந்துவடை சுட்டேன், பனங்கட்டி எடுத்து வைத்தேன். ஜேர்மனியில் பத்து வருடம் இருந்ததில் உனக்குப் பழகிப்போன கறுத்த பாணிலும் ஒரு துண்டு வேண்டும் என்றார். திவசப் படையலில் கறுத்த பாண் வைத்த வீடு லண்டனில் எங்களுடையதாகத்தான் இருக்கும்.

பொட்டலத்துக்குள் இருந்த தூள், நீ தந்தபோது இளம் வாழைக்குருத்தின் பச்சை. இப்போது காய்ந்த வைக்கோல் நிறம்.

இருபத்திரண்டு வருடம் ஆஸ்பத்திரி வார்ட்டுகளில் தேத்தண்ணி வண்டில் தள்ளியவள் நீ. தென் லண்டனில் மிச்சம் என்ற இடத்திலிருந்து முதல் ட்ராம் பிடித்து, கட்டில் கட்டிலாகப் போய், பால் எவ்வளவு சீனி எவ்வளவு என்று கேட்டு ஊற்றிக் கொடுத்தாய். வேலையை விட்ட கையோடு ஜப்பானுக்குப் போகவேண்டும் என்று நின்றாய். "தேத்தண்ணி ஊத்தின கை. தேயிலைக்கெண்டே இருக்கிற ஒரு ஊரைப் பாக்கோணும்."

"அதுக்கு நுவரெலியா காணாதே?" என்று கேட்டேன்.

"அங்கை போனால் தேயிலை கண்ணுக்குத் தெரியாது. கொழுந்தெடுக்கிற சனத்தின்ரை வெறுங்கால்தான் தெரியும். அதைக் காசு குடுத்துப் பாக்க எனக்கு மனம் வராது."

உன் வாய்க்கு முன்னால் யாரால் நிற்க ஏலும்? அண்ணைக்கு முழங்கால் வருத்தம், நெடுந்தூரம் ஏலாது. நாங்கள் இரண்டு பேருமாகப் புறப்பட்டோம். பெட்டி அடுக்குவதற்கு இரண்டு கிழமைக்கு முன்னரே உன் டொக்டர் உனக்கு முடிவைச் சொல்லிவிட்டார் என்பது எனக்குத் தெரியாது. விமானத்தில் நீ என் பங்கு கேக்கையும் வாங்கிச் சாப்பிட்டாய்.

கியோட்டோவிலிருந்து ரயிலில் கொஞ்ச நேரம்தான் உஜி. ஸ்டேஷன் வாசலில் எங்களைக் கூட்டிப் போக வந்த பெண், எங்கள் வயதுக்காரி, மஞ்சள் குடையை உயரப் பிடித்துக்கொண்டு நின்றாள். நாங்கள் அவளுக்கு வைத்த பெயர் குடைக்காரி. அரைநாளில் பாலம், ஆறு, கோயில், தேயிலைக் கடைத்தெரு, கடைசியில் தேநீர் என்று எல்லாம் நிமிடக் கணக்கில் வைத்திருந்தாள். குடை அசைந்தால் நாங்களும் அசைய வேண்டும். கடைத்தெருவில் தேயிலை வறுக்கும் மணம் மூக்கில் ஏறியது. "கோப்பி வறுக்கிற வீட்டு வாசலடி இது" என்று நீ நடு றோட்டில் கண்ணை மூடிக்கொண்டு நின்றாய். குடை அசைந்தது. நான் உன் கையைப் பிடித்து இழுத்தேன். அந்த அரைநாள் முழுக்க நான் உன்னை இழுத்துக்கொண்டுதான் திரிந்தேன்.

குளத்தின் நடுவில் சிவப்புக் கோயில். உள்ளே பெரிய தங்கப் புத்தர். வாசலில் நீ ஒரு நிமிடம் தயங்கினாய். ஊரில் புத்தர் சிலை ஒன்று முளைத்தால் பின்னால் ஆமிக் காம்ப் வரும் என்று கண்டு வளர்ந்த சனம் நாங்கள். "இவர் வேறை ஆள் போல கிடக்கு" என்று முணுமுணுத்துவிட்டு உள்ளே வந்தாய். சுவர் நிறைய முகில்களின் மேல் சின்னச் சின்ன உருவங்கள், கைகளில் வாத்தியங்கள். சாகப்போகிறவரை அழைத்துப்போக இவர்கள் வாசித்துக்கொண்டு வருவார்கள் என்று குடைக்காரி சொன்னாள். அந்தக் காலத்துப் பெரிய மனிதர்கள், கடைசி நேரத்தில் புத்தர் கையில் நூலைக் கட்டி, மற்ற நுனியைத் தங்கள் கையில் பிடித்துக்கொண்டு கண்மூடுவார்களாம்.

வெளியே வந்ததும் குளக்கரை வாங்கில் இருந்துவிட்டாய். எழும்பு என்றேன். எழும்பவில்லை.

"எனக்கு வந்திட்டுது" என்றாய். "ஈரலில. பரவியும் போச்சாம்."

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். கையைக் காட்டி நிறுத்தினாய்.

"அழாதை, ஆக்கள் பாக்கினம். சொல்லுறதைக் கேள். இருபத்திரண்டு வருசம் வார்ட்டில பாத்திருக்கிறன். வாயில குழாய், மூக்கில குழாய், கையில ஊசி. கப்பை நீட்டினால் கண்ணாலதான் வேண்டாம் எண்டு சொல்லுவினம். எனக்கு அது வேண்டாம். அந்த நூல் போதும். வீட்டில, என்ரை கட்டிலில."

"அண்ணைக்குச் சொன்னனியோ?"

"வருத்தத்தைச் சொல்லுவன். இதைச் சொல்ல எனக்கு வாய் வராது. அவர் அழுவார். நேரம் வரேக்கை நீ சொல்லு."

"பேப்பரில எழுதி வையன்."

"எழுதினால் அவர் கிழிச்சுப்போடுவார். நீதானடி என்ரை பேப்பர்."

மஞ்சள் குடை அசைந்தது. எல்லோரும் எழும்பிவிட்டார்கள். நான் குடையைப் பார்த்துக்கொண்டே "ஓம், ஓம்" என்றேன். இந்த இடத்தில் என்னை நான் மன்னிக்கவே மாட்டேன். சாவைப் பற்றிக் கேட்ட உனக்கு, பஸ் பிடிக்கப் போகிறவள் போலப் பதில் சொன்னேன்.

அடுத்து, தேயிலையைக் கல்லில் அரைக்க விட்டார்கள். எங்கள் ஊர்த் திரிகையின் சின்னத் தங்கச்சி மாதிரி ஒரு கல். மெதுவாகச் சுற்ற வேண்டும், வேகம் கூடினால் தூள் சூடாகி மணம் போய்விடும் என்றாள் குடைக்காரி. நான் நாலு சுற்றில் அலுத்து எழும்பிவிட்டேன். நீ விடவில்லை. மூச்சு வாங்க வாங்க, நிறுத்தி நிறுத்திச் சுற்றினாய். ஒரு தேக்கரண்டித் தூள் வருவதற்குள் உன் நெற்றி வியர்த்துவிட்டது. அதைக் காகிதத்தில் மடித்து என் கைப்பைக்குள் நீயே வைத்தாய்.

"கடைசியா இதில ஒரு வாய் எனக்குத் தா. ஓம் எண்டனியே?"

"ஓமடி."

பிறகு தேநீர் அறை. பாயில் முழங்கால் மடித்து இருக்க வைத்து, முதலில் ஆளுக்கொரு இனிப்புத் துண்டு தந்தார்கள். நாங்கள் தொடவே இல்லை. தேத்தண்ணி வரட்டும் என்று, ஊரில் பனங்கட்டி கடித்துக் கடித்துக் குடித்த பழக்கத்தில் காத்திருந்தோம். பச்சைத் தேநீர் வந்ததும் ஒரு கடி, ஒரு மிடறு, ஒரு கடி, ஒரு மிடறு. குடைக்காரியின் முகம் சிவந்துவிட்டது. இனிப்பை முழுக்கச் சாப்பிட்டு முடித்த பிறகுதான் தேநீரைத் தனியாகக் குடிக்க வேண்டும், அதுதான் முறை என்று தாழ்ந்த குரலில் சொன்னாள். நான் வெட்கத்தில் மீதியை அப்படியே வாயில் போட்டு விழுங்கினேன். நீ அவளைப் பார்த்துச் சிரித்தாய்.

"இனிப்பெல்லாத்தையும் முதலே திண்டு முடிச்சிட்டுக் கசப்பைத் தனியக் குடிக்கிறதே? அது அவையின்ரை முறை. என்ரை வாய்க்கு நான்தான் சொல்லுவன்."

கடைசி மிடறு வரைக்கும் கடித்துக் கடித்துத்தான் குடித்தாய். நான் உன் தொடையில் கிள்ளினேன், நாலு பேருக்கு முன்னால் மானம் போகிறது என்று. நாலு பேர் என்ன சொல்வார்கள் என்பதுதான் எப்போதும் என் வருத்தம். அது உன் வருத்தத்தை விடப் பொல்லாதது என்று எட்டு மாதம் கழித்துத் தெரிந்தது.

அம்புலன்ஸில் உன்னைக் கொண்டுபோனார்கள். நாங்கள் கிங்ஸ்பரியிலிருந்து போய்ச் சேர்ந்தபோது வாயில் குழாய் போட்டாகிவிட்டது. ஒரு இளம் டொக்டர் எங்களைச் சின்ன அறைக்குள் கூப்பிட்டு இருத்தினாள். மேசையில் கண் துடைக்கிற பேப்பர்ப் பெட்டி மட்டும் இருந்தது. இந்த நோயிலிருந்து இனி மீள முடியாது, மெஷினை நிறுத்தி, வலியில்லாமல் வைத்து, முடிந்தால் வீட்டுக்கே அனுப்பலாம் என்று பொறுமையாகச் சொன்னாள். பிறகு கேட்டாள், தனக்கு எது வேண்டும், எது வேண்டாம் என்று நீ யாரிடமாவது எப்போதாவது சொல்லியிருக்கிறாயா என்று.

உன் அண்ணை என்னைப் பார்த்தார்.

வெளியே நடையில் உன் சித்தப்பா குடும்பம், ஹரோவிலிருந்து வந்த உறவுகள், எல்லோரும் நின்றார்கள். நான் வாய் திறந்தால் பிறகு அவர்கள் என்ன கதைப்பார்கள் என்பது எனக்கு அப்போதே காதில் கேட்டது. மச்சாள்காரி சொல்லித்தானாம் மெஷினைக் கழட்டினவை. கூடப் பிறந்தவள் எண்டால் விடுவாளே? நான் தலையை ஆட்டினேன். இல்லை, ஒன்றும் சொல்லவில்லை என்று ஆட்டினேன்.

அவர் டொக்டர் பக்கம் திரும்பி, எல்லாவற்றையும் செய்யுங்கள் என்றார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். ஒரு சேலைன் போத்தல் கிடைக்காமல் உங்கள் ஐயா வன்னியில் செத்ததைப் பக்கத்திலிருந்து பார்த்தவர் அவர். "இஞ்சை எல்லாம் இருக்கு. இருக்கேக்கை ஏன் விடுவான்?" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார். அப்போதாவது சொல்லியிருக்கலாம். அடுத்த நாள் சொல்லியிருக்கலாம். அதற்கடுத்த நாளும் சொல்லியிருக்கலாம்.

பதினொரு நாள். குழாயைப் பிடுங்கிவிடுவாய் என்று உன் இரண்டு கைகளுக்கும் வெள்ளையாய்த் தடித்த உறை போட்டிருந்தார்கள். நூலைப் பிடிக்க வேண்டிய கை. ஐந்தாம் நாளோ ஆறாம் நாளோ மயக்க மருந்தைக் குறைத்தபோது கண் திறந்தாய். அண்ணையைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தாய். வார்ட்டில் கண்ணாலேயே வேண்டாம் என்று சொல்கிறவர்களைப் பற்றி நீ சொல்லியிருந்தாயே, அப்படி ஒரு பார்வை. நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். பொட்டலம் என் மடியில் இருந்த கைப்பைக்குள்தான் இருந்தது. உன் உதட்டில் தொட்டு வைக்கலாமா என்று நேர்ஸிடம் கேட்கக்கூட இல்லை. நீ போன பிறகு அந்தப் பையை அலுமாரிக்குள் தள்ளிவிட்டு வேறு பை வாங்கினேன்.

செத்தவீட்டில் எல்லோரும் உன் அண்ணையைத்தான் புகழ்ந்தார்கள். இப்படி ஒரு அண்ணை யாருக்கு வாய்க்கும் என்றார்கள். அவரும் அந்த ஒரு வசனத்தைப் பிடித்துக்கொண்டே வருடத்தைக் கடத்தினார். "நாங்கள் ஒரு குறையும் விடேல்லை." சாப்பிடும்போது சொல்வார், உன் படத்துக்குப் பூ வைக்கும்போது சொல்வார். ஒவ்வொரு தடவையும் நான் ஓம் என்பேன்.

ஆட்டத்திவசத்தன்று சுடுதண்ணீர் வைத்து, அந்தத் தூளில் பாதியைக் கரைத்து, உன் படத்துக்கு முன்னால் கறுத்த பாணுக்குப் பக்கத்தில் வைத்தேன். பனங்கட்டியில் ஒரு துண்டைக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்தேன்.

"இதென்ன?" என்றார்.

"உஜியில அவள் அரைச்ச தேயிலை. கடைசியாத் தரச்சொல்லித் தந்தவள்."

"பிறகேன் குடுக்கேல்லை?"

சொன்னேன். குளக்கரை வாங்கு, நூல், உன் கட்டில், பேப்பர், நான் சொன்ன இரண்டு ஓம், சின்ன அறையில் ஆட்டிய தலை. இடையில் நிறுத்தினால் திரும்பத் தொடங்க மாட்டேன் என்று தெரியும், அதனால் ஒரே மூச்சில் சொன்னேன். அவர் கத்துவார் என்று நினைத்தேன். கதிரையைத் தேடி இருந்தார்.

"நீர் அந்தப் பதினொரு நாளும் எனக்குப் பக்கத்திலதானே இருந்தனீர்" என்றார்.

அவ்வளவுதான். எழும்பிப்போய் முற்றத்தில் நின்றார். ஒரு குறையும் விடேல்லை என்ற வசனம் அன்றோடு எங்கள் வீட்டில் நின்றுவிட்டது. உனக்குச் செய்ததற்குப் பிறகு, அவரிடம் மிச்சமிருந்த ஆறுதலையும் நான்தான் பிடுங்கினேன். படைத்த தேநீரை நானே குடித்தேன். மணம் செத்து, கசப்பு மட்டும் இருந்தது. பனங்கட்டியைத் தொடவில்லை.

மூன்று நாள் அவர் என்னோடு பேசவில்லை. நாலாம் நாள் காலை, நான் தேத்தண்ணி ஊற்றும்போது குசினி வாசலில் வந்து நின்றார்.

"உமக்கு எப்பிடி வேணும் எண்டு சொல்லும்" என்றார். பாலா சீனியா என்று கேட்கிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். அவர் முகத்தைப் பார்த்ததும் விளங்கியது. "வீட்டிலயோ, ஆஸ்பத்திரியிலயோ. எனக்கு நேர சொல்லும். வேறை ஆரிட்டயும் சொல்லி அனுப்பாதையும்."

அவர் கேட்டு இன்றைக்கு இரண்டு கிழமை. மிச்சத் தூளை அதே காகிதத்தில் மடித்து அதே பைக்குள் வைத்திருக்கிறேன். அவருக்கு இன்னும் பதில் சொல்லவில்லை. நான் சொன்னால், எது சொன்னாலும், அவர் அப்படியே செய்வார். அது எனக்கு நிச்சயமாகத் தெரியும், மச்சாள். உனக்குக் கிடைக்காமல் செய்த ஒன்றை, எனக்குத் தாருங்கோ என்று நான் எந்த வாயால் கேட்பேன்?