ஆர்சினோ கப்பலின் செவ்வாய்க்கிழமை

அனுப்புநர்:
திருமதி டமாரிஸ் ட்ரிக்,
(ஆர்சினோ போர்க்கப்பலில் வழிகாட்டும் மாலுமியாக இருந்து நீக்கப்பட்ட சைலஸ் ட்ரிக்கின் மனைவி)
கயிற்றுக்காரர் தெரு, போர்ட்ஸ்மவுத்.

பெறுநர்:
உயர்திரு கடற்படைச் செயலாளர் அவர்கள்,
லண்டன்.

பொருள்: தளபதி எவரார்டு பிரபு ஒப்படைத்த கப்பல் நாட்குறிப்பில் ஒரு பக்கம் பின்னர் எழுதிச் சேர்க்கப்பட்டதோ என்ற ஐயம், என் கணவர் மீதான தீர்ப்பை மறுபடி விசாரிக்கக் கோருதல்.

மதிப்பிற்குரிய ஐயா,

1. எதையும் இரண்டு முறை பார்க்காமல் நம்பாதவள் நான். மீன்காரியின் தராசைக்கூடத் தூக்கிப் பார்ப்பேன். இதனால் தெருவில் எனக்குக் கெட்ட பெயர் உண்டு என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன்.

2. எவரார்டு பிரபு ஆறு வயதிலேயே தம் மாமாவின் கப்பலில் வேலை செய்ததாகப் பதிவேடு சொல்கிறது. அந்த வருடம் முழுக்க அவர் தந்தையின் பண்ணையில் குட்டிக் குதிரை ஏறிக்கொண்டிருந்தார் என்று அங்கே சமையல் வேலை பார்த்த என் அக்கா சொல்கிறாள். பதினைந்தில் துணைத் தளபதித் தேர்வு எழுதினார். வயது இருபது என்று சான்றிதழ் இருந்தது. பத்தொன்பதில் தனிக் கப்பல். அவரைக் கோழை என்று நான் சொல்லவில்லை. பீரங்கிச் சண்டையில் இரண்டு விரல் போன பிறகும் மேல்தளத்தை விட்டு இறங்காதவர். ஆனால் கையெழுத்திடும் காகிதத்தை அவர் ஒருநாளும் படித்ததில்லை. நாட்குறிப்பை எழுதுவதெல்லாம் கப்பல் எழுத்தர்தான்.

3. சென்ற அக்டோபர் 11, செவ்வாய்க்கிழமை. விடியலில் புறப்பட்ட ஆர்சினோ, பிற்பகல் மூன்று மணிக்கு வைட் தீவின் மேற்கு முனையில் பாறையில் ஏறியது. பதினொரு பேர் மாண்டனர். அப்போது சுக்கான் பிடித்திருந்தவர் ஜெம் காலி. அவர் என் சமையலறையில் உட்கார்ந்து சொன்னதை அப்படியே தருகிறேன்: "அம்மா, உங்க வீட்டுக்காரரு கெஞ்சினாரு. 'ரெண்டு மணி நேரம் பொறுங்க பிரபுவே, தண்ணி வத்திக்கிட்டு இருக்கு, ஏறட்டும்'னாரு. பிரபு சிரிச்சாரு. 'மிஸ்டர் ட்ரிக், வேமத் துறைமுகத்துல எனக்கு விருந்து ஆறிப்போகும். உமக்கு பயமா இருந்தா கீழ போய்ப் படுத்துக்கொள்ளும்'னுட்டாரு."

4. இதைச் சொன்ன மூன்றாம் நாள் ஜெம் காலி மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போகும் கப்பலுக்கு மாற்றப்பட்டார். கப்பல் எழுத்தர் அதற்குள் காய்ச்சலில் இறந்துவிட்டார். என் கணவரின் சொந்த நாட்குறிப்பு கடலில் விழுந்துவிட்டதாம். பிரபுவினுடையது மட்டும் ஓரம்கூட நனையாமல் வந்து சேர்ந்தது. எல்லாம் தற்செயலாக இருக்கலாம். எனக்கு நம்பிக்கை வரவில்லை.

5. விசாரணையில் அந்த நாட்குறிப்பைப் படித்தார்கள். என் கணவர் குடித்துவிட்டுத் தளபதியின் கட்டளையை மீறினார் என்று அதில் இருந்தது. பிற்பகல் மூன்று மணி என்ற நேரத்தை மட்டும் வாசித்தார்கள். பக்கத்தின் தலையில் இருந்த தேதியை வாசிக்கவில்லை. அதன் நகல் சென்ற வாரம்தான் என் கைக்கு வந்தது. தலைப்பு: "செவ்வாய், அக்டோபர் 11."

6. ஐயா, தங்களுக்குத் தெரியாததல்ல. கடலில் நாள் நள்ளிரவில் பிறப்பதில்லை, நண்பகலில் பிறக்கிறது. செவ்வாய் பிற்பகல் நடந்ததைப் புதன் என்றுதான் எந்தக் கப்பல்காரரும் எழுதுவார். எனக்கு இது எப்படித் தெரியும் என்று கேட்கலாம். மணமான புதிதில் என் கணவர் ஒரு புதன்கிழமை விடைபெற்றுப் போனார். பிறகு அவர் குறிப்பில் 'வியாழன் பிற்பகல் இரண்டு மணி, கரையை விட்டோம்' என்று கண்டேன். இடைப்பட்ட இரவு எவள் வீட்டில் என்று கேட்டுப் பீங்கான் தட்டுகளை உடைத்தேன். அவர் விழுந்து விழுந்து சிரித்து, கடல் நாளை எனக்கு விளக்கினார். இருபத்திரண்டு வருடமாக அதைச் சொல்லிக் கேலி செய்தவர், இப்போது சிரிப்பதில்லை.

7. ஆகவே அந்தப் பக்கத்தைக் கடல் கணக்கில் படித்தால், ஆர்சினோ திங்கட்கிழமை மூன்று மணிக்கே பாறையில் ஏறிவிட்டது. அந்த நேரத்தில் கப்பல் போர்ட்ஸ்மவுத்துக்கு எதிரே நங்கூரமிட்டு நின்றது. பிரபு படகுத்துறையில் சிப்பி தின்றுகொண்டிருந்ததை நானே பார்த்தேன். கடலையே அறியாத யாரோ, கரையில் உட்கார்ந்து எழுதிக் கொடுத்த பக்கம் அது. பிரபு வழக்கம்போலப் படிக்காமல் கையெழுத்திட்டிருக்கிறார் என்று சந்தேகிக்கிறேன்.

8. இறந்தவர்களில் நான்கு பேரின் மனைவிமார் எங்கள் தெருவில்தான் இருக்கிறார்கள். ஒருத்தி எங்கள் வாசலில் நின்று, "குடிகாரா, வெளிய வாடா! என் புருஷன் எங்கடா?" என்று கேட்டுவிட்டுப் போனாள். அவள்மீது எனக்குக் கோபமில்லை. என் கணவர் அன்று முதல் துறைமுகத்துக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருக்கிறார். இம்மனு எழுதுவது அவருக்குத் தெரியாது.

9. அடுத்த மாதம் எவரார்டு பிரபு எழுபத்துநான்கு பீரங்கிக் கப்பலுக்குத் தளபதியாகிறார் என்று அறிகிறேன். அதில் அறுநூறு பேர் ஏறுவார்கள். அதற்கு முன் அவரைத் தங்கள் முன்னால் வரவழைத்து, அந்த ஒரு பக்கத்தை, தலைப்பிலிருந்து, அவர் வாயாலேயே உரக்கப் படிக்கச் செய்யுங்கள். கேட்பவர்களில் ஒருவராவது கடலுக்குப் போனவராக இருக்கட்டும். வேறொன்றும் கேட்கவில்லை.

இடம்: போர்ட்ஸ்மவுத்
நாள்: கரைக் கணக்கில் 1797 மார்ச் 7, செவ்வாய், பிற்பகல் மூன்று மணி.
என் கணவரின் கணக்கில், புதன்.

தங்கள் பதிலை எதிர்பார்த்திருக்கும்,
டமாரிஸ் ட்ரிக்