தண்ணீர் ஓடாத மூன்று குழாய்கள்

இன்று நவம்பர் 16, ஞாயிற்றுக்கிழமை, காலை 6.20. குழாய் மூன்று, படம் பதினொன்று.

முதல் குழாயின் மூடியை ரம்பத்தால் அறுத்து எடுத்ததும் உள்ளிருந்து டர்பன்டைன் வாசனை வந்தது. நான்கு மழைக்காலம் தாண்டியும் வாசனை போகவில்லை என்றால் மூடியைச் சரியாகத்தான் ஒட்டியிருக்கிறேன் என்று முதலில் நினைத்தேன். இரண்டாவதாகத்தான் நீ நினைவுக்கு வந்தாய். இந்த வரிசையை நாகரிகத்துக்காக மாற்றி எழுதினால் நீ நம்பமாட்டாய்.

இந்தக் குழாய்களைப் பற்றி உனக்குத் தெரியாது. உன் படங்களை நான் எரித்துவிட்டேன் என்று நம்பிக்கொண்டேதான் நீ செத்துப்போனாய். அப்படி நம்பவைத்தவன் நான். இந்தக் கடிதத்தில் சொல்ல வேண்டியது இது ஒன்றுதான். மற்றதெல்லாம் விளக்கம்.

ராணுவம் ஆட்சியைப் பிடித்ததை எதிர்த்து ஊரே இரவு எட்டு மணிக்குச் சட்டிபானை தட்டிய மாதங்கள் ஓய்ந்த பிறகு, நீ லத்தாப் பேட்டையில் நம் கட்டடத்தின் மாடி மாடியாக ஏறி இறங்கி, வீட்டுக்கு ஒரு பாத்திரம் கேட்டாய். தட்டித் தட்டி நசுங்கிய பாத்திரம். ஆறாம் மாடியில் உன் அறையின் ஜன்னல் ஓரத்தில் ஒவ்வொன்றாக வைத்து வரைந்தாய். ஆள் இல்லை, கொடி இல்லை, எழுத்து இல்லை. நசுங்கிய சட்டி மட்டும்.

"ஏண்டா, இது என்ன படம்? சட்டி. சட்டியை வரைஞ்சா எவன் பிடிச்சிட்டுப் போகப் போறான்?" என்று கேட்டேன்.

"நசுங்கினது எப்படின்னு ஊர்ல எல்லாருக்கும் தெரியும் எஞ்சினீரு. பிடிக்க வர்றவனுக்கும் தெரியும்."

எஞ்சினீரு என்றுதான் கூப்பிடுவாய். இன்செயினில் டிப்ளமா முடித்து, இன்வெர்ட்டர் பழுது பார்க்கிறவனுக்கு அது பெரிய பட்டம். மறுக்கவில்லை.

எங்கள் அம்மாவின் இட்லிக் குண்டான் எட்டாவது படம். முடிந்ததும் அம்மா ஏறிவந்து பார்த்து, "நல்லாத்தான் இருக்கு தம்பி. ஆனா நான் எப்ப இத்தனை பளபளப்பா வெச்சிருந்தேன்?" என்றார். "அது கரண்ட் வந்த நேரம்மா, லைட் பட்டிருச்சு" என்றாய். அடுத்த நிமிடமே கரண்ட் போனது. கீழே தெருப் பிள்ளைகள் எல்லாரும் ஒரே குரலில் கத்தினார்கள். நீயும் சேர்ந்து கத்தினாய், கையில் தூரிகையோடு.

பதினொன்று முடிந்த வாரத்தில் உன்னோடு படித்த இரண்டு பேரைப் பிடித்துப் போனார்கள். மூன்றாம் நாள் நீ கிளம்பினாய். எல்லைக்கு அப்பால், மேசோட்டுக்கு. ஒரு பை, கட்டிக்கொள்ள இரண்டு லோஞ்சி, உன் அப்பாவின் பைபிள். படங்களை எடுத்துப்போக வழியில்லை. சாவியை என் கையில் கொடுத்து, "உனக்கு வம்பு வரும்னு தோணுச்சுன்னா எரிச்சிடு. யோசிக்காதே" என்றாய்.

வம்பு வரும் என்று அன்று மாலையே தோன்றியது. ஆனால் எரிக்கவில்லை. நம் கட்டடத்தின் பின்சந்தில் எத்தனை குழாய் சுவரோடு ஏறுகிறது என்று நீ எண்ணியிருக்கமாட்டாய். நான் எண்ணியிருக்கிறேன்: பத்தொன்பது. அவற்றில் பாதி எங்கிருந்து எங்கே போகிறது என்று கட்டியவனுக்கே தெரியாது. அங்கே இன்னும் மூன்று சேர்ந்தால் யார் கேட்பார்கள்? படங்களைச் சட்டத்திலிருந்து கழற்றிச் சுருட்டினேன். நாலங்குல பிவிசி குழாயில் நுழைத்தேன். புதுச் சாமான் பெட்டிகளில் வரும் ஈரம் உறிஞ்சும் பொட்டலங்களைச் சேர்த்துவைத்திருந்தேன், அதையும் போட்டேன். இரண்டு பக்கமும் மூடி போட்டு ஒட்டி, பட்டப்பகலில் ஏணி வைத்து ஏறிச் சுவரில் கிளாம்பு அடித்தேன். பகலில் ஏணியில் நிற்பவனை யாரும் சந்தேகப்படுவதில்லை.

அடுத்த வாரம் நீ அழைத்தாய்.

"அந்தப் பழைய துணியெல்லாம் என்னடா பண்ணினே?"

"எரிச்சிட்டேன்."

"எல்லாமேவா?"

"எல்லாமே."

லைன் போய்விட்டது என்று நினைத்து, "ஹலோ, ஹலோ" என்றேன்.

"கேக்குது. சரி விடு. நல்லதுதான்."

அது போனுக்காகச் சொன்ன பொய். யார் ஒட்டுக்கேட்கிறார்கள் என்று தெரியாது. நேரில் பார்க்கும்போது சொல்லிக்கொள்ளலாம் என்றிருந்தேன். பேருந்து இரண்டு நிமிடம் தாமதித்தால் நடந்தே போகிறவன் நான், உனக்குத் தெரியும். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் பொறுமையாக இருந்தேன். மடத்தனம்.

நீ சும்மா இருக்கவில்லை. மேசோட்டில் கட்டட வேலை செய்துகொண்டே, சிமெண்ட் சாக்கைப் பிரித்து வெள்ளையடித்து, பதினொன்றையும் நினைவிலிருந்து மறுபடி வரைந்தாய். ஒவ்வொன்றின் போட்டோவும் எனக்கு வந்தது. ஒவ்வொரு முறையும் சொல்ல வாயெடுத்தேன். சொன்னால் நீ நிறுத்திவிடுவாயோ என்ற பயமும் சேர்ந்துகொண்டது. பிறகு பன்னிரண்டாவது வந்தது. அது யார் வீட்டுச் சட்டியும் இல்லை. விளிம்பு வரை சாம்பல். கூடவே உன் குரல்: "இதுதான் மத்த எல்லாத்தையும் விட நல்லா வந்திருக்கு. உனக்குத்தான் நன்றி சொல்லணும்."

கிண்டல் இல்லை. உண்மையாகவே சொன்னாய். அந்தச் சாம்பல் என் பொய்யிலிருந்து வந்தது. நான் கட்டைவிரல் எமோஜி ஒன்றை அனுப்பினேன். பதில் அவ்வளவுதான்.

ஜூலையில் உனக்குக் காய்ச்சல். கையில் சரியான காகிதம் இல்லாததால் ஆஸ்பத்திரிக்குப் போகத் தயங்கி நான்கு நாள் அறையிலேயே கிடந்தாய் என்று உன் அறைத்தோழன் சொன்னான். ஐந்தாம் நாள் தூக்கிக்கொண்டு போனார்களாம். அவன் அழைத்தபோது நான் ஒருவர் வீட்டில் பேட்டரி மாற்றிக்கொண்டிருந்தேன். மாற்றி முடித்துவிட்டுத்தான் உட்கார்ந்தேன்.

இப்போது ஏன் குழாயைக் கழற்றினேன்? கட்டடத்துக்காரர்கள் கூடிப் பேசி, பின்சந்தின் பழைய குழாய் எல்லாவற்றையும் பிடுங்கிப் புதிது போடப்போகிறார்கள். செவ்வாய்க்கிழமை ஆட்கள் வருகிறார்கள். அதற்குள் நான் கழற்ற வேண்டும். மூன்றையும் இறக்கி மொட்டைமாடிக்குக் கொண்டுபோய் அறுத்தேன்.

உன்னிடம் ஒன்று ஒப்புக்கொள்ள வேண்டும். நீ படத்தைச் சுருட்டும்போது பெயிண்ட் பக்கம் வெளியே இருக்கும்படிச் சுருட்டுவாய். பார்த்திருக்கிறேன். சோம்பேறி, படம் உரசுமே என்று நினைத்தேன். அதனால் நான் 'சரியாக', பெயிண்ட் உள்ளே இருக்கும்படிச் சுருட்டினேன். உள்ளே வளைந்தால் பெயிண்ட் தோல் நெருக்கப்பட்டு மடிந்து உடையும் என்று ஒரு நிமிடம் யோசித்திருந்தால் எனக்கே தெரிந்திருக்கும். ஏழு படம் நன்றாக இருக்கிறது. நான்கில் குறுக்கே வரிவரியாக வெடிப்பு. விரித்ததும் வண்ணம் செதில் செதிலாக உதிர்ந்தது. எட்டாவதுதான் மோசம். நான் பத்திரமாகச் செய்த எதையும் நீ நம்பியதில்லை. நீ நம்பாதது சரி.

குனிந்து செதில்களைப் பொறுக்கிக்கொண்டிருந்தபோது இரண்டாம் மாடி டோ மியா துணி உலர்த்த ஏறிவந்தார். மறைக்க நேரமில்லை. அவர் பர்மிய மொழியில்தான் பேசினார், தமிழில் எழுதுகிறேன்.

"என் ஜன்னல் பக்கத்துக் குழாயா இது?"

"ஆமா ஆண்ட்டி. பழசு."

"பழசா? நாலு வருஷ மழையில ஒரு நாளாவது இது சளசளன்னு சத்தம் போட்டிருக்கா? முதல் மழையிலயே எனக்குத் தெரியும்."

இன்னொரு செதிலைப் பொறுக்கினேன். அவரே தொடர்ந்தார்.

"ராணுவத்துக்காரங்க வீடு வீடா ஆள் கணக்கெடுக்க வந்தாங்களே, அதுல ஒருத்தன் இதைத் தட்டிப் பார்த்தான். ஊமை மாதிரி சத்தம். மேல்வீட்டுக் கக்கூஸ் அடைச்சுக்கிட்டிருக்கு, பார்த்துத் தட்டு, உடைஞ்சா உன் தலையிலதான்னு சொன்னேன். மூணு படி தள்ளிப் போய் நின்னான்."

சிரித்தேன். சிரித்து நாளாயிற்று. அவருடைய சட்டி மூன்றாவது படம், தட்டித் தட்டி அடியில் ஓட்டை விழுந்தது. வெடித்த நான்கில் அதுவும் ஒன்று. கண்ணாடி போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

"ஓட்டையைச் சரியா போட்டிருக்கான். வெடிப்பு பரவாயில்லை, என் சட்டியும் இப்ப இப்படித்தான் இருக்கு." பிறகு நிமிர்ந்து, "இதெல்லாம் பத்திரமா இருக்குன்னு அந்தப் பையனுக்குத் தெரியும்தானே?" என்றார்.

குழாய்த் துண்டுகளை அடுக்க ஆரம்பித்தேன். அவர் ஈரத் துணிகளைக் கொடியில் போட்டுவிட்டு இறங்கிப்போனார்.

நீ முன்பு கொடுத்த கேன்வாஸ்களை நான் கட்டிலுக்கு அடியில் வைத்திருந்ததைப் பார்த்து நீ ஒருமுறை சொன்னாய்: "சுவத்துல இல்லாதது படமில்லடா, சாமான்." நான்கு வருடம் சாமானாகவே வைத்திருந்துவிட்டேன். அது போதும். அடுப்பங்கரைச் சுவரில் ஒரு சட்டிப் படம் தொங்கினால் அதைவிட இயல்பானது எது? உனக்கு அப்போதே தோன்றியிருக்கும். எனக்கு இன்று காலைதான் தோன்றியது.

இனிச் செய்ய வேண்டியவை:

1. செவ்வாய்க்கு முன் சுவரில் கிளாம்பு இருந்த பன்னிரண்டு துளைகளையும் சிமெண்டால் அடைப்பது.

2. படங்களை மெதுவாக நிமிர்த்திச் சட்டம் அடிப்பது. மறுபடி சுருட்ட வேண்டிவந்தால் பெயிண்ட் பக்கம் வெளியே.

3. டோ மியா வீட்டில் மூன்றாவது படம். அடுப்புக்கு நேர் மேலே கூடாது, எதிர்ச் சுவரில்.

4. மற்ற வீடுகளில் முதலில் கேட்பது. வேண்டாம் என்றால் வற்புறுத்தாமல் திரும்புவது. மாவ்பிக்குக் குடிபோன குடும்பத்தின் படத்தை நானே கொண்டுபோவது.

5. எட்டாவது எங்கள் வீட்டில். குண்டான் இப்போதும் அடுப்பில்தான் இருக்கிறது, அதே நசுங்கலோடு. அம்மா பார்த்து என்ன சொன்னாலும் பதில் பேசாமல் கேட்டுக்கொள்வது.

6. உதிர்ந்த செதில்களை மாத்திரைக் குப்பியில் போட்டு, நம்பகமான ஆள் கிடைத்ததும் மேசோட்டுக்கு அனுப்புவது. உன் அறைத்தோழன் அதை உன் கல்லறை மண்ணில் சேர்ப்பான். பன்னிரண்டாவது படத்தை அவன் அப்படியே வைத்திருக்கட்டும். அதில் இருப்பது பொய்ச் சாம்பல் என்று படத்தின் பின்பக்கம் எழுதச் சொல்லமாட்டேன்.

7. லத்தாவின் சீனர்கள் செத்தவர்களுக்கு வேண்டியதைக் காகிதத்தில் செய்து தெருவோரத் தகரத்தில் எரிப்பார்கள், அது போய்ச் சேரும் என்று. நீ நின்று பார்ப்பாய், நான் கையைப் பிடித்து இழுப்பேன். நாளைக் காலை இந்தக் கடிதத்தைப் பிரதி எடுத்துவைத்துவிட்டு, அசலை அப்படி ஒரு தகரத்தில் போடுவது. முழுதும் எரியும்வரை நின்று பார்ப்பது. இந்த முறை எரித்துவிட்டேன் என்று சொன்னால் எரித்துவிட்டேன் என்றுதான் அர்த்தம்.