கருவாழித் தீவின் பழைய பதிப்பை நிறுத்தற்க

ஆழிநாயகி அருள் முன்னிற்க. மூன்று புறமும் கடல் காக்கும் ஆழிமங்கல நாட்டின் அமைச்சன் அறவாழி நம்பி, அரச வலைத்தள மனையின் தலைவர் பொற்கோவலர்க்கு விடுக்கும் ஓலை. தாங்களும் தங்கள் பணியாளரும் அவர்தம் இல்லத்தாரும் நலமுற வாழ அன்னையை வேண்டுகிறேன்.

மருத்துவப் படகை அழைக்கும் வலைத்தளத்தைப் புதிய பதிப்பு மென்பொருளுக்கு மாற்றிவிட்டதாகவும், பழைய பதிப்பை வரும் வெள்ளியன்று நிறுத்தப்போவதாகவும் தாங்கள் எழுதிய விண்ணப்பம் கிடைத்தது. பழையதை உருவாக்கியவர்களே இனி அதற்குப் பழுது நீக்கித் தரமாட்டார்கள், கயவர் நுழையும் வழிகள் அதில் பெருகும் என்று தாங்கள் காட்டிய காரணம் மெய்யே. எல்லாக் கைப்பேசிகளிலும் புதியது திறக்கிறது என்று எழுதியதுதான் மெய்யன்று. தங்கள் மனையில் சோதித்த கைப்பேசிகள் ஏழு. ஏழும் சென்ற திருவிழாவில் அரசர் பரிசளித்தவை.

கருவாழித் தீவின் உப்பளத்தாரிடம் அத்தகைய கைப்பேசி ஒன்றுகூட இல்லை. அத்தீவின் பேச்சாயி என்பவர் அவைக்கு வந்து உரைத்ததை எழுத்தர் பதிந்தபடியே தருகிறேன்: “ஐயா, ஒங்க புதுப் பக்கம் எங்க போன்ல வெறும் வெள்ளையாத்தான் நிக்குது. எம் மருமவளுக்கு இது ஒம்பதாம் மாசம். வலி எடுத்தா அந்த வெள்ளையப் பாத்துக்கிட்டு உக்காரச் சொல்றீங்களா?”

தங்கள் மனையின் எழிலம்மை, தம் ஓய்வு நாட்களிலும் வந்து, பழைய பதிப்பின் ஓட்டைகளைத் தாமே அடைத்து வருகிறார் என அறிந்தேன். அதனை ஆணை மீறல் எனத் தாங்கள் குற்றம் எழுதியிருக்கிறீர்கள். மாற்றுக என்று முதலில் ஆணையிட்டவன் நானே. தீவாரைக் கேளாமல் ஆணையிட்டது என் பிழை. எவரும் கேளாமல் செய்த சிறு உதவியைத் தெய்வம் குற்றமாகக் கொள்ளாது, நாமும் கொள்ளலாகாது. அக்குற்றப் பதிவை நீக்குக.

ஆகவே ஆணை: தீவின் கடைசிப் பழைய கைப்பேசி மாறும்வரை, படகழைக்கும் அந்த ஒரு பக்கம் மட்டும் பழைய பதிப்பிலேயே, ஏனைய தரவுகளோடு தொடர்பற்ற தனிக் கணினியில் இயங்குக. எழிலம்மைக்கு இருவர் துணை நிற்க. பேச்சாயியின் கைப்பேசியில் திறந்து பாராமல், மாற்றம் முடிந்தது என்று இனி எழுதற்க.

அரசர் திருவுளப்படி ஆடித் திங்கள் பதினோராம் நாள் சங்கு முத்திரை இடப்பட்டது.

முத்திரைக்குக் கீழே என் கையால் எழுதுவது: இவ்வோலை சேருமுன் பழையதை நிறுத்தியிருப்பீராயின், உடனே கருவாழிக்குப் படகை அனுப்புக. விளக்கத்தைப் பிறகு அனுப்பலாம்.