மோட்டாரை அணைத்துவிட்டுப் போனோம்

ஆகஸ்ட் 3, ஞாயிறு. காலை 5.40. ஆள் எட்டு, ரப்பர் படகு இரண்டு.

இங்கே சொட்டு மழை இல்லை. மேட்டூரில் திறந்த தண்ணீர். கொள்ளிடம் கரை முட்டுகிறது. திருமழபாடியில் படகு இறக்கம். மோட்டார் என் பொறுப்பு.

நடுத்திட்டில் ஒரு குடும்பம் சிக்கியிருப்பதாகத் தகவல். எங்கள் ராணுவப் பிரிவுக்கு வேலை இரண்டு: தீவிரவாதியைப் பிடிப்பது, வெள்ளத்தில் மீட்பது. பயிற்சி அதிகம் முதலாவதில். பழக்கதோஷம்: தூரத்திலேயே மோட்டார் அணைப்பு, துடுப்பு, கைஜாடை. மடத்தனம். அப்போது எனக்கும் உறைக்கவில்லை.

திட்டில் குடிசை. அடுப்பு சுடுகிறது. ஆள் இல்லை. தண்ணீர் ஏறுகிறது.

எங்கள் குழுத் தலைவர் சுபேதார், திருநெல்வேலிக்காரர். "போயிட்டாவ போலிருக்கு. வாலே, அடுத்த ஊரப் பாப்போம்."

"அடுப்பு சுடுது சார்," என்றேன்.

"அஞ்சு நிமிசம். அதுக்கு மேல நிக்க முடியாது."

நாணலுக்குள் ஓர் ஆடு கத்தியது. பாதியில் நின்றது. ஆடு அப்படி நிறுத்தாது. யாரோ வாயைப் பொத்துகிறார்கள்; சத்தமில்லாமல் வந்த எங்களுக்குப் பயந்து ஒளிகிறார்கள். ஓடிப்போய் மோட்டாரை முழு வேகத்தில் அலறவிட்டேன். "மிலிட்டரிங்க! நான் செட்டிகுளத்துக்காரன்தாங்க! வெளிய வாங்க!"

முதலில் அரிவாளுடன் ஒரு பெண். செல்வி. பின்னால் புருஷன், இரண்டு பிள்ளைகள், ஆடுகள்.

"ஆடு திருடுற பயலுவோளாட்டம் ஏன்யா பூன மாரி வர்றீங்க? போன மாசம் இப்புடித்தான் பரிசல்ல வந்து ரெண்டு கெடாவ தூக்கிட்டுப் போயிட்டானுவோ. காப்பாத்த வர்றவன் ஒரு கொரல் குடுக்க மாட்டானா?"

சுபேதார் மன்னிப்புக் கேட்டார். ஆட்டையும் ஏற்றச் சொன்னார். குளம்பு பட்டு ரப்பர் கிழியும் என்றேன்.

"சாக்கு விரி தம்பி," என்றாள் செல்வி. விரித்தேன். ஒரு கிடா என் டூல் பெட்டிமேல் மூத்திரம் பெய்தது. திரும்பிப் பார்த்தபோது அடுப்பு தண்ணீருக்குள்.

ஆகஸ்ட் 4, திங்கள். நல்ல வெயில்.

மோட்டாரின் ஸ்பார்க் பிளக்கைத் துடைத்தேன். இன்னும் இரண்டு திட்டு. இந்த முறை மோட்டார் சத்தம், விசில், என் தொண்டை. சனம் மூட்டையோடு ஓரத்திலேயே காத்திருந்தது. வேலை சுருக்காக முடிந்தது. திருப்தி.

நிவாரண முகாமில் செல்வி: "ஏ செட்டிகுளம், கொரல் போச்சா? இதை நேத்தே கத்தியிருக்கலாம்ல?" டீ கொடுத்தாள். சர்க்கரை அதிகம். குடித்தேன்.

அம்மா போனில். வெங்காயம் நடவாம். "எங்கடா இருக்க?" "பக்கத்துலதாம்மா." "பக்கத்துலன்னா வூட்டுக்கு வர வேண்டியதான?"

இனி:

1. பெரம்பலூரில் பஸ் ஹாரன் இரண்டு வாங்கிப் படகில் மாட்ட. சுபேதார் சரி என்றுவிட்டார்.
2. அப்படியே வூட்டுக்கு, ஒரு வேளைச் சோற்றுக்காவது.
3. டூல் பெட்டியை மறுபடி கழுவ. நாற்றம் போகவில்லை.
4. வெள்ளத்துக்குப் போகும்போது சத்தம். ஆளில்லை என்று திரும்புமுன் மட்டும் மோட்டாரை நிறுத்திக் காதுகொடுத்துக் கேட்க.