நீங்கள் நாக்கைச் சொடுக்காத நாள்

அண்ணா,

இன்று காலை பால் கேனைக் கழுவும்போது என்னையறியாமல் அதற்குள் நாக்கைச் சொடுக்கிவிட்டேன். டொக்கென்று திரும்பி வந்தது. மாட்டுக் கொட்டகையிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

நாலு வயதுக் காய்ச்சலில் உங்களுக்குக் கண் போனது. எவரும் சொல்லித் தராமலே நாக்கைச் சொடுக்கி, திரும்பி வரும் ஒலியில் சுவர் எங்கே, தென்னை எங்கே என்று கண்டுகொண்டீர்கள். தடியில்லாமல் பால் சொசைட்டிவரை நடப்பீர்கள். கைப்பிடிச்சுவர் இல்லாத நம் கிணற்றையும் பத்தடி முன்னாலேயே அறிந்து விலகுவீர்கள். "செவுரு சட்டுனு பேசும் அம்மிணி. கெணறு உள்ள போயி யோசிச்சுட்டுத்தான் பேசும்" என்பீர்கள்.

ஊராருக்கு அது உச்சுக் கொட்டுவதுபோலக் கேட்கும். நல்ல காரியத்தில் உச்சுக் கொட்டினால் ஆகாது. என் மகளுக்கு ஏற்கெனவே இரண்டு இடம் தட்டிப்போயிருந்தது. மூன்றாவதாகப் பெண் பார்க்க வந்த அன்று எனக்கு அந்தப் பயம்தான்.

"அண்ணா, வாரவங்க சகுனம் பாக்கறவங்களாமா. அவங்க போறவரைக்கும் நாக்கச் சொடுக்காம இருங்க."

"செரி அம்மிணி, உம்புள்ள காரியம். நா வாயே தொறக்கமாட்டேன்." சிரித்துக்கொண்டுதான் சொன்னீர்கள்.

காப்பி கொடுக்கிற நேரம் கன்று கத்தியது. தாய்மாமனுக்கான இடத்திலிருந்து எழுந்து கொல்லைப் பக்கம் போனீர்கள். வந்தவர்களின் வேன் கொட்டகைக்குப் போகும் தடத்தை அடைத்து நின்றிருந்தது. சுற்றிக்கொண்டு நடந்திருக்கிறீர்கள். வேன்மேல் படிந்திருந்த தூசியில் உங்கள் கைத்தடம் வேனின் கடைசிவரை இழுபட்டுப் போயிருந்தது. அதற்கப்பால் கிணறு. எங்களுக்குத் தண்ணீர்ச் சத்தம் மட்டும்தான் கேட்டது. விழும்போதுகூட நீங்கள் குரல் கொடுக்கவில்லை.

"கண்ணு தெரியாத மனுசன், பாவம்" என்று அன்று உங்கள் உடலைச் சுற்றி நின்று ஊரே உச்சுக் கொட்டியது. நானும் அழுதுகொண்டே தலையாட்டினேன். அந்தச் சம்பந்தமும் நின்றுபோனது. பிறகுதான் கிணற்றுக்குச் சுவர் கட்டினோம்.

காலையில் நான் சொடுக்கியது அடுப்படியில் இருந்த மகளுக்குக் கேட்டுவிட்டது. கொட்டகை வாசலுக்கு வந்து நின்றாள்.

"மாமன் மாதிரியே சொடுக்கறயேம்மா. அன்னைக்கு மட்டும் மாமன் ஏம்மா சொடுக்காமப் போனாரு?"

கழுவிய கேனையே மறுபடி கழுவினேன். அவள் உள்ளே போய்விட்டாள்.

உங்களுக்கு வழி தெரியும். அதை அடைத்தது வேன் இல்லை, நான். அவளிடம் சொல்ல எனக்கு இன்னும் வாய் வரவில்லை, அண்ணா.